வேண்டாமென்ற வேந்தர்

தீபாவளி நெருங்கிவிட்டால் சென்னைத் தியாகராய நகரில் கால் வைக்க இடம் இருக்காது. போனஸ் பணத்தை மடியில் முடிந்துகொண்டு, மனைவிக்கு ஒரு சேலை, பிள்ளைகளுக்குச் சட்டை என்று கணக்குப் போட்டபடி, மாம்பலம் ரயில் நிலையத்தில் இறங்கி ரங்கநாதன் தெருவுக்குள் புகும் தொழிலாளத் தோழர்கள் எத்தனை ஆயிரம் பேர்! அவர்களை நிறுத்தி, எங்கே வந்தீர்கள் என்று கேட்டால், தி. நகருக்கு என்பார்கள். தியாகராய நகர் என்று முழுப் பெயரைச் சொல்வார் இன்று அரிது. பெயர் ஓர் எழுத்தாகச் சுருங்கிவிட்டது. அந்த ஓர் எழுத்துக்குள்ளே ஒரு மனிதர் இருக்கிறார் என்பதும் நினைவிலிருந்து நழுவிக்கொண்டே போகிறது.

அந்த நகரின் தெருப் பலகைகளைச் சற்றே நின்று படித்துப் பாருங்கள். பனகல் பூங்கா, நடேசன் பூங்கா, டாக்டர் நாயர் சாலை, உஸ்மான் சாலை! நீதிக்கட்சியின் நிர்வாகிகள் பட்டியலை யாரோ தெருக்கள்தோறும் எழுதி மாட்டிவிட்டுப் போனதுபோல் இருக்கும். அந்தப் பட்டியலின் தலைப்பில் இருப்பவர் சர். பிட்டி தியாகராயர். வெள்ளுடை வேந்தர் என்று தமிழகம் அழைத்த பெருமகன். அவரது வாழ்க்கையை இன்று நம் தோழர்களுக்குச் சொல்ல விரும்புகிறோம்.

சொல்லத் தொடங்கும்போதே ஒரு கேள்வி எழும். நம் தோழர்களில் சிலர் நம்மிடம் நேரில் கேட்டதும் உண்டு. தியாகராயர் செல்வச் சீமான் அல்லவா? தறிக்கூடத்துக்கும் தோல் கிடங்குக்கும் உடைமையாளர் அல்லவா? வெள்ளை அரசு கொடுத்த சர் பட்டத்தைப் பெயருக்கு முன்னால் தாங்கியவர் அல்லவா? உழைத்து உண்ணும் நாம் அவரை ஏன் போற்ற வேண்டும்? கேட்க வேண்டிய கேள்விதான். பதிலை முன்கூட்டியே சொல்லிவிட மாட்டோம். வாழ்க்கையைச் சொல்கிறோம், எடை போடும் பொறுப்பு உங்களுடையது.

தறியும் தராசும்

1852ஆம் ஆண்டு ஏப்ரல் திங்களில் பிறந்தவர் தியாகராயர். தெலுங்கு பேசும் தேவாங்கர் குலத்தவர். தேவாங்கர் என்றால் நெசவாளர். பாவும் ஊடையும் அவர்களுக்குப் பரம்பரைச் சொத்து. குடும்பம் வசதியானது. நெசவோடு தோல் வணிகம், உப்பு வணிகம் என்று பல துறைகளிலும் கை வைத்த குடும்பம். பணம் உள்ள வீட்டுப் பிள்ளைக்குப் படிப்பு எதற்கு என்று எண்ணிய காலம் அது. தியாகராயரோ சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்று பி.ஏ. பட்டம் பெற்றார். அந்நாளில் பி.ஏ. படித்தவர் எல்லோரும் நேரே ஓடியது சர்க்கார் உத்தியோகத்துக்குத்தான். அவர் ஓடவில்லை. தறியருகே திரும்பி வந்தார்.

வடசென்னையில் அவர் நடத்திய பிட்டி நெசவாலையில் நூறு தறிகள் ஓடின. கையால் நாடாவை எறிந்து, மறு கையால் பிடித்து, ஒவ்வோர் இழையாக நெய்துகொண்டிருந்த காலத்தில், கயிற்றை இழுத்தால் நாடா தானே பாய்ந்தோடும் தறியை அவர் புகுத்தினார். ஒரே நாளில் கூடுதல் முழம் துணி இறங்கும். லங்காஷயர் ஆலைத் துணி கப்பல் கப்பலாக வந்து இறங்கி, நம் நெசவாளர் வயிற்றில் அடித்துக்கொண்டிருந்த நாட்கள் அவை. மேடையேறி அழுதவர் பலர் உண்டு. தறியைத் திருத்தி அமைத்துப் போட்டி போட முயன்றவர் சிலரே. அந்தச் சிலரில் ஒருவர் அவர்.

வணிகத்திலும் அப்போது வெள்ளையர் கை ஓங்கியிருந்தது. சென்னைத் துறைமுகத்தில் ஏறி இறங்கும் சரக்குக்கு விலை சொல்வதும், வங்கியில் யாருக்குக் கடன் என்று முடிவு செய்வதும் ஆங்கிலக் கம்பெனிகளே. அவர்களுக்கென்று ஒரு வர்த்தக சபை இருந்தது. இந்திய வணிகருக்கென்று ஒன்று வேண்டாமா? 1909ஆம் ஆண்டு தென்னிந்திய வர்த்தக சபை பிறந்தது. அதை நிறுவியவர்களில் தியாகராயர் ஒருவர். அடுத்த ஆண்டு தொடங்கி 1921 வரை அதன் தலைவராகவும் இருந்தார். சங்கம் சேர்ந்தால்தான் பலம் என்பது தொழிலாளிக்கு மட்டும் உள்ள பாடம் அல்ல. வணிகரும் அதைக் கற்றே முன்னேறினார்கள்.

நாற்பதாண்டு நகரத் தொண்டு

சென்னை மாநகராட்சிக்குள் அவர் நுழைந்தது 1882இல், முப்பது வயதில். வெளியே வந்தபோது எழுபதைத் தாண்டியிருந்தார். குழாய்த் தண்ணீர், சாக்கடை, தெரு விளக்கு, ஆரம்பப் பள்ளி, மயானம் இவையெல்லாம் பெரிய அரசியல் தலைவர்கள் மேடையில் பேசக் கூச்சப்படும் பொருள்கள். ஆனால் குடிசையில் வாழ்பவனுக்கு இவைதான் அரசியல். காலரா வந்தால் முதலில் சாவது மயிலாப்பூர் மாளிகையில் இருப்பவனா, சேரியில் இருப்பவனா? இந்தச் சிறிய பொருள்களுக்காக நாற்பது ஆண்டுகள் மன்றத்தில் உட்கார்ந்தவர் தியாகராயர். 

மாநகராட்சியின் தலைவர் நாற்காலியில் அதுவரை சர்க்கார் அதிகாரிகளே அமர்ந்து வந்தார்கள். மன்றத்தார் தாங்களே தலைவரைத் தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம் என்று 1919ஆம் ஆண்டுச் சட்டம் வழி திறந்தபோது, அந்த நாற்காலியில் தேர்தல் பெற்று அமர்ந்த முதல் மனிதர் அவரே. மேயர் என்ற பெயர் வந்தது 1933இல்தான். பெயர் பிறகு வந்தது. பெருமை அவரிடமிருந்தே தொடங்குகிறது. ரிப்பன் மாளிகை வளாகத்தில் அவர் சிலையாக நிற்பது காரணமில்லாமல் அல்ல.

காங்கிரசில் இருந்தவர்

தியாகராயர் தொடக்கத்தில் காங்கிரசுக்காரர் என்றால் இன்று சிலர் வியப்பர். உண்மை அதுதான். சென்னை மகாஜன சபையிலும் காங்கிரசிலும் பங்கு கொண்டு, தேசம் முன்னேறினால் எல்லோரும் முன்னேறுவோம் என்று நம்பியவர் அவர். தெய்வ பக்தி மிக்கவர். கோயிலுக்கு வாரி வழங்கியவர். நாத்திகர் என்று எவரும் அவரைச் சொல்ல முடியாது. அப்படிப்பட்டவர் அறுபது வயதுக்குமேல் ஏன் தனிக்கட்சி காண நேர்ந்தது?

நம் இயக்க மேடைகளில் பல்லாண்டாகச் சொல்லப்பட்டு வரும் ஒரு செய்தி உண்டு. சென்னைக் கோயில் ஒன்றின் குடமுழுக்குக்குத் தியாகராயர் பதினாயிரம் ரூபாய் கொடுத்தாராம். விழா நாளன்று மேடைமீது ஏற அவருக்கு இடமில்லை; கீழே நிற்க வேண்டும் என்றார்களாம். அண்ணாந்து பார்த்தால், அவரிடமே சம்பளம் வாங்கும் குமாஸ்தா, பிறப்பின் காரணமாக, மேலே நிற்கிறாராம். இந்தச் செய்தி இத்தனை காலம் வாழ்வதற்குக் காரணம், கேட்ட ஒவ்வொருவனும் தன் வாழ்வில் இதேபோல் ஒரு மேடையை அண்ணாந்து பார்த்திருக்கிறான் என்பதே. பணம் இருந்தும் தியாகராயருக்கே இந்த நிலை என்றால், பணமும் இல்லாத பாமரனுக்கு என்ன நிலை?

ஆனால் ஒரு தனி மனிதரின் மனப்புண்ணால் மட்டும் இயக்கம் பிறப்பதில்லை. கணக்குப் புத்தகம் அறிந்த வணிகர் அவர். நாட்டின் கணக்கையும் எடுத்துப் பார்த்தார். சென்னை மாகாணத்தில் நூற்றுக்கு மூன்று பேராக இருந்தது ஒரு சமூகம். 1913ஆம் ஆண்டு வாக்கில் நிலையான ஜில்லா முன்சீபுகள் 128 பேர். அவர்களில் 93 பேர் அந்தச் சமூகத்தார். டிப்டி கலெக்டர்கள் 140 பேர். அவர்களில் 77 பேர் அவர்களே. மற்ற எல்லா இந்து சாதிகளும் சேர்ந்து பெற்ற டிப்டி கலெக்டர் பதவிகள் 30! வரி கட்டுவோர் ஒரு பக்கம், வரி வாங்கித் தீர்ப்புச் சொல்வோர் மறு பக்கம். ஏர் பிடிப்பவன் மகன் எவ்வளவு படித்தாலும் எட்டமுடியாத உயரத்தில் நாற்காலிகள் இருந்தன. இது தகுதியால் வந்த ஏற்றத்தாழ்வு என்று அன்றும் வாதித்தார்கள். இன்றும் வாதிப்பவர் இருக்கிறார்கள். பள்ளிக்கூடத்தின் கதவையே பார்க்காதவனிடம் தகுதி எங்கே என்று கேட்பது, காலைக் கட்டிவிட்டு ஓடச் சொல்வதற்குச் சமம்.

மூவர் கூடினர்

இந்த அநீதியை முதலில் உணர்ந்து, சிறிய அளவில் வேலையைத் தொடங்கியவர் டாக்டர் சி. நடேசனார். 1912இல் சங்கம் கண்டார். 1914 முதல் திருவல்லிக்கேணியில் திராவிடர் இல்லம் என்ற விடுதி நடத்தினார். வெளியூரிலிருந்து படிக்க வந்த நம் பிள்ளைகளுக்குச் சென்னையில் தங்க இடம் கிடைக்காது, உணவு விடுதிகளில் சமமாக உட்கார முடியாது என்ற கொடுமையைக் கண்டு, கூரையும் சோறும் கொடுத்தவர் அவர்.

மற்றொரு பக்கம் டாக்டர் டி. எம். நாயர். சீமையில் மருத்துவம் பயின்றவர். வாளினும் கூரிய பேச்சும் எழுத்தும் வாய்த்தவர். ஆனால் நாயரும் தியாகராயரும் மாநகராட்சி மன்றத்தில் எதிரும் புதிருமாக நின்று மோதிக்கொண்டவர்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க விரும்பாத நிலை. இந்த இருவரையும் ஒரே பாயில் உட்கார வைத்தவர் நடேசனார். கட்சி நடத்தும் தோழர்கள் இந்த இடத்தைக் கவனிக்க வேண்டும். பகை பாராட்டக் காரணம் இருந்தது. வயதும் செல்வாக்கும் இருவருக்கும் இருந்தன. எனினும், மக்களின் தேவை முன்னால் வந்து நின்றதும் தன்மானச் சண்டையை மூட்டை கட்டிவிட்டார்கள். வட்டத்துக்கு வட்டம், கிளைக்குக் கிளை, யார் பெயர் சுவரொட்டியில் பெரியது என்று சண்டையிடும் நமக்கு, இந்த வரலாறு ஒரு சூடு.

1916ஆம் ஆண்டு நவம்பர் 20ஆம் நாள், சென்னை வேப்பேரியில் எதிராஜுலு முதலியார் இல்லத்தில் ஏறத்தாழ முப்பது பேர் கூடினார்கள். தென்னிந்திய நல உரிமைச் சங்கம் என்ற அமைப்பு அங்கே உருக்கொண்டது. அடுத்த மாதம் 20ஆம் நாள் தியாகராயரின் பெயரால் பார்ப்பனரல்லாதார் கொள்கை அறிக்கை வெளிவந்தது. நாம் மேலே சொன்ன கணக்கெல்லாம் அந்த அறிக்கை நாட்டின் முன் வைத்த கணக்கே. வசைமொழி கொண்டு எழுதப்பட்ட அறிக்கை அல்ல அது. எண்களைக் கொண்டு எழுதப்பட்டது. எவரையும் அழிக்க வேண்டும் என்று அது கேட்கவில்லை; எல்லோருக்கும் அவரவர் பங்கு என்றுதான் கேட்டது. ஆனால் முழுப் பந்தியையும் பழகியவருக்குப் பங்கு என்ற சொல்லே பகைச் சொல்லாகக் கேட்டது. தேசத்துரோகிகள், வெள்ளையன் வால்பிடிகள் என்று ஏடுகள் ஏசின.

ஏடுகள் அனைத்தும் எதிரிகள் கையில் இருந்தால் உண்மை எப்படி ஊர் போய்ச் சேரும்? எனவே முதல் வேலையாகப் பத்திரிகை தொடங்கினார்கள். 1917 பிப்ரவரி 26இல் ஆங்கிலத்தில் ஜஸ்டிஸ் வெளிவந்தது, ஆசிரியர் நாயர். தமிழில் திராவிடன், தெலுங்கில் ஆந்திரப் பிரகாசிகா. கட்சிக்கு வைத்த நீண்ட பெயரை மக்கள் மறந்து, பத்திரிகையின் பெயரையே கட்சிக்குச் சூட்டினார்கள். நீதிக்கட்சி என்று ஆயிற்று. கட்சி ஏட்டை வாங்கிப் படியுங்கள் என்று நாம் தோழர்களை ஓயாது வற்புறுத்துவதற்கு இதைவிட நல்ல சான்று வேண்டுமா?

அப்போது தியாகராயருக்கு வயது 64. பேரப் பிள்ளைகளோடு திண்ணையில் சாய்ந்திருக்கும் வயது. அந்த வயதில் வசவையும் அலைச்சலையும் செலவையும் விலை கொடுத்து வாங்கிக்கொண்டார். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, வெள்ளைத் தலைப்பாகை, இதுதான் அவர் தோற்றம். கட்சித் தலைவராக அவர் தேர்ந்தெடுக்கப்பட்டார். இறக்கும்வரை அவரே தலைவர்.

வந்த பதவியை வேண்டாமென்றார்

1919 ஜூலையில் டாக்டர் நாயர் லண்டன் மாநகரில் காலமானார். வகுப்புவாரி உரிமைக்காக ஆங்கிலப் பாராளுமன்றத்தாரிடம் வாதாடச் சென்றவர் திரும்பி வரவில்லை. கட்சியின் முழுச் சுமையும் தியாகராயர் தோளில் விழுந்தது.

அடுத்த ஆண்டு முதல் தேர்தல் வந்தது. இரட்டை ஆட்சி என்று பெயர். கல்வி, சுகாதாரம், ஸ்தல ஸ்தாபனம் போன்ற சில இலாகாக்கள் மந்திரிகளிடம். பணமும் போலீசும் கவர்னர் பக்கம். வயது வந்த எல்லோருக்கும் ஓட்டு கிடையாது. சொத்தும் வரியும் உள்ளவருக்கே ஓட்டு. கூலிக்காரன் ஓட்டுச் சாவடியை எட்டிப் பார்க்கவும் முடியாது. காங்கிரஸ் தேர்தலைப் புறக்கணித்தது. தேர்ந்தெடுக்கப்படும் 98 இடங்களில் 63 இடங்களை நீதிக்கட்சி வென்றது.

கவர்னர் வெலிங்டன், வெற்றி பெற்ற கட்சியின் தலைவரான தியாகராயரை மந்திரிசபை அமைக்க அழைத்தார். அவர் ஒப்பியிருந்தால், சென்னை மாகாணத்தின் முதலாவது முதல் மந்திரி என்று வரலாறு அவர் பெயரைப் பொறித்திருக்கும். மாதச் சம்பளமோ ஐயாயிரம் ரூபாய்க்கு மேல். ஒரு சவரன் சில ரூபாய்களுக்குக் கிடைத்த காலத்து ஐயாயிரம் அது! தியாகராயர் வேண்டாம் என்றார். கடலூர் ஏ. சுப்பராயலு ரெட்டியாரின் பெயரைச் சொன்னார். 1920 டிசம்பர் 17இல் ரெட்டியார் தலைமையில் மந்திரிசபை பதவியேற்றது. அவர் உடல்நலம் குன்றி விலகியபின், 1921இல் பனகல் அரசர் முதல் மந்திரியானார். அப்போதும் தியாகராயர் முன்வந்து நாற்காலியைக் கேட்கவில்லை.

உத்தியோக வேட்டைக்காரர்கள் என்று நீதிக்கட்சியை ஏசியவர்கள் அன்று வாயடைத்துப் போனார்கள். பதவிக்காகக் கட்சி கண்டவர் என்றால், பதவி வாசலில் வந்து நின்றபோது கதவை ஏன் சாத்துகிறார்? பணக்காரருக்கு அந்தச் சம்பளம் பெரிதா என்று கேட்கலாம். சம்பளம் பெரிதல்ல, அதிகாரம் பெரிது. பணம் உள்ளவர்க்கு அதிகாரத்தின்மேல் ஆசை குறைவு என்று எந்த நாட்டு வரலாறும் சொல்லவில்லை.

அவர் வெளியே நின்று வழிநடத்திய ஆட்சி செய்தவை என்ன? 1921இல் பெண்களுக்கு வாக்குரிமை. ஆங்கிலேயர் ஆண்ட இந்திய மாகாணங்களில் இதைச் செய்ததில் சென்னையே முதல். அதே ஆண்டு செப்டம்பரில் முதல் வகுப்புவாரி உரிமை ஆணை. 1922இல் பழைய இழிபெயர்களை நீக்கி ஆதிதிராவிடர் என்று சர்க்கார் ஏடுகளில் எழுத ஆணை. 1924இல் இரட்டைமலை சீனிவாசன் சட்டசபையில் கொண்டுவந்த தீர்மானத்தின் வழியே, பொதுத் தெரு, பொதுக் கிணறு எவருக்கும் உரியது என்ற அறிவிப்பு. கோயில் சொத்துகளைக் கணக்குக் கேட்கும் அறநிலையச் சட்டத்துக்கும் அந்த ஆட்சியே வித்திட்டது. குறையுள்ள சட்டசபை, பாதி அதிகாரம், பணமில்லாத இலாகா! அதை வைத்துக்கொண்டு இவ்வளவு.

ஓரணாச் சோறு

இனி, இந்த வாழ்க்கையில் நம் நெஞ்சை மிகவும் தொடும் பகுதிக்கு வருகிறோம். சட்டசபையில் நடந்ததல்ல, ஆயிரம் விளக்குப் பகுதியில், மாநகராட்சியின் ஓர் ஏழைப் பள்ளியில் நடந்தது.

மாநகராட்சிப் பள்ளிக்கு யார் பிள்ளைகள் வருவார்கள்? கூலிக்காரன் பிள்ளை, வண்டிக்காரன் பிள்ளை, சித்தாள் பிள்ளை. காலையில் வெறும் வயிற்றோடு வரும் பிள்ளை நண்பகலில் என்ன செய்யும்? வீட்டுக்குப் போனாலும் அடுப்பு எரிந்திருக்காது. எனவே அது பள்ளிக்கே வராமல் நின்றுவிடும். வருகைப் பதிவேட்டில் பெயர் குறைந்துகொண்டே போகும். சோம்பேறிப் பிள்ளைகள், அக்கறையற்ற பெற்றோர் என்று அதிகாரிகள் குறிப்பெழுதுவார்கள். தியாகராயர் அப்படி எழுதவில்லை. பிள்ளைகள் ஏழைகள், பசியால்தான் எண்ணிக்கை குறைகிறது என்று மன்றத்தில் எடுத்துச் சொன்னார். 

1920 நவம்பர் 17ஆம் நாள் சென்னை மாநகராட்சி மன்றம் ஒரு தீர்மானம் நிறைவேற்றியது. ஆயிரம் விளக்குப் பள்ளி மாணவருக்கு நண்பகல் சிற்றுண்டி. தலைக்கு நாளொன்றுக்கு ஓரணாவுக்கு மேற்படாத செலவு. ஓரணா என்றால் ரூபாயில் பதினாறில் ஒரு பங்கு. மாதம் ஐயாயிரம் சம்பளம் தந்த பதவி அவர் முன் வந்து நின்றதும், இந்த ஓரணாத் தீர்மானம் நிறைவேறியதும் சில வாரங்களுக்குள் நடந்தவை. எதை வேண்டாமென்றார், எதை வேண்டுமென்றார் என்று தோழர்கள் ஒப்பிட்டுக் கொள்ளட்டும்.

அந்தத் திட்டம் மேலும் நான்கு பள்ளிகளுக்குப் பரவியது. பயன் என்ன? 1922-23இல் அந்தப் பள்ளிகளில் பயின்றவர் 811 பேர். 1924-25இல் 1,671 பேர். இரண்டே ஆண்டில் இரு மடங்கு! புதிய சட்டம் இல்லை, கசையடி இல்லை, ஒரு கை உணவு. பசித்த பிள்ளைக்குப் பாடம் ஏறாது என்பதை உலகத்துக் கல்வி வல்லுநர்கள் ஆராய்ந்து எழுதுமுன், ஒரு சென்னை வணிகர் ஓரணாக் கணக்கில் மெய்ப்பித்துக் காட்டினார்.

ஆனால் வெள்ளை அரசின் கணக்கு வேறு. தொடக்கக் கல்வி நிதியை உணவுக்குச் செலவிடக் கூடாது என்றது. 1925 ஏப்ரல் முதல் நாளோடு உணவு நின்றது. ஏகாதிபத்தியத்தின் கஜானா ஏழைப் பிள்ளையின் ஓரணாவில் சிக்கனம் கண்டது!

மறைக்கக் கூடாத பக்கம்

புகழ்ந்து எழுதுவது எளிது. ஆனால் தொழிலாளத் தோழர்கள் படிக்கும் ஏட்டில் ஒரு பக்கத்தைக் கிழித்துவிட்டு வரலாறு சொல்லக் கூடாது. அது 1921ஆம் ஆண்டின் பக்கம்.

பெரம்பூர் பக்கிங்காம் கர்னாடிக் ஆலையில் அந்த ஆண்டு ஜூன் முதல் அக்டோபர் வரை நடந்த வேலை நிறுத்தத்தை வடசென்னை இன்றும் மறக்கவில்லை. 1918இல் தோன்றிய சென்னைத் தொழிலாளர் சங்கம் களத்தில் நின்றது, திரு.வி.க. முன்னணியில் நின்றார். வெள்ளை முதலாளிகள் பழைய சூழ்ச்சியைச் செய்தார்கள். பட்டினியின் விளிம்பில் இருந்த ஆதிதிராவிடத் தொழிலாளரை வேலைக்கு அழைத்து, சாதி இந்துத் தொழிலாளரோடு மோதவிட்டார்கள். சங்கத்தில் சமத்துவம் காணாதவன், சங்கத்துக்காக ஏன் பட்டினி கிடக்க வேண்டும் என்று எண்ணினான். புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன. ஆகஸ்டு மாதம் போலீஸ் துப்பாக்கி வெடித்தது, உயிர்கள் பலியாயின.

அந்த நேரத்தில் நீதிக்கட்சித் தலைவர்கள் என்ன செய்திருக்க வேண்டும்? எரிந்த குடிசைக்கும் மூடிய ஆலைக்கும் நடுவில் போய் நின்று, இருவரும் ஒரே வயிறு உடையவர்கள் என்று சொல்லியிருக்க வேண்டும். அவர்களோ, தியாகராயர் உள்பட, சாதி இந்துத் தொழிலாளர் பக்கமே சாய்ந்தார்கள். சர்க்காரின் தொழிலாளர் இலாகா ஆதிதிராவிடருக்குச் சலுகை காட்டியதே கலகத்துக்குக் காரணம் என்று குறை கூறினார்கள். பார்ப்பனரல்லாதார் என்ற பெரிய குடையின் கீழ் நின்று நனைந்தவர்களை, நனையட்டும் என்று விட்டதற்கு ஒப்பானது அது. எம். சி. ராஜா 1923இல் கட்சியை விட்டே வெளியேறினார். அவர் சென்றது இழப்பு. அவர் செல்லும்படி நடந்தது தவறு.

மேடையை அண்ணாந்து பார்த்து மனம் புண்பட்டவர் என்று எவரைப் பற்றிச் சொல்லப்படுகிறதோ, அவருக்கே தமக்குக் கீழே நிறுத்தப்பட்டவரின் புண் அன்று முழுமையாகத் தெரியவில்லை. காரணம் கெட்ட எண்ணம் என்று நாம் சொல்ல மாட்டோம். அந்தக் கட்சி மாளிகைகளில் கூடியது. சேரிக்குள் அதற்குக் கிளை இல்லை. ஓட்டுரிமை சொத்துள்ளவருக்கே இருந்ததால், ஓட்டில்லாதவன் குடிசைக்குப் போக வேண்டிய கட்டாயமும் அதற்கு இல்லை. தன் கண்ணுக்கு எட்டாத துன்பத்தைக் கட்சி அறியாது. அதன் விலையைக் கட்சி பின்னால் கொடுத்தது. 1937 தேர்தலில் 215 இடங்கள் கொண்ட சட்டசபையில் நீதிக்கட்சிக்குக் கிடைத்தவை 18.

மறைவும் தொடர்ச்சியும்

1923 தேர்தலில் கட்சியின் பலம் குறைந்தது. உள்ளே பூசல், தமிழருக்கு மந்திரிசபையில் உரிய இடமில்லை என்ற மனக்குறை, சி. ஆர். ரெட்டி போன்றோர் பிரிந்து சென்று எதிரணி வரிசையில் அமர்ந்தனர். நவம்பரில் வந்த நம்பிக்கையில்லாத் தீர்மானத்தை 65க்கு 44 என்று பனகல் ஆட்சி வென்றது. முதுமையிலும் இந்தப் பூசல்களுக்கிடையே கட்சியைக் கட்டிக் காத்தவர் தியாகராயர். 1925ஆம் ஆண்டு, 73 வயதில் மறைந்தார்.

அந்த 1925ஐச் சற்றே நினைத்துப் பாருங்கள். பள்ளிப் பிள்ளைகளின் ஓரணா உணவு நின்றது அந்த ஆண்டு. அதைத் தந்தவர் மறைந்ததும் அந்த ஆண்டு. ஈரோட்டில் மே திங்களில் குடிஅரசு ஏட்டைப் பெரியார் தொடங்கியதும் அந்த ஆண்டுதான். வகுப்புரிமைத் தீர்மானம் மறுக்கப்பட்டு, காஞ்சி மாநாட்டிலிருந்து அவர் வெளியேறியதும் அதே ஆண்டின் இறுதியில். மாளிகையிலிருந்து புறப்பட்ட இயக்கம் தெருவுக்கும் சேரிக்கும் வயலுக்கும் இறங்கி நடக்கத் தொடங்கியது அங்கே. 1944இல் சேலத்தில் நீதிக்கட்சி திராவிடர் கழகமாக மாறியபோது, பட்டங்களும் பதவிகளும் துறக்கப்பட்டன. பதவி வேண்டாம் என்ற பாடத்தை 1920இலேயே தியாகராயர் நடத்திக் காட்டியிருந்தார். பட்டம் வேண்டாம் என்ற பாடத்தைப் பின்வந்தவர்கள் சேர்த்துக்கொண்டார்கள்.

நின்றுபோன அந்தச் சோறு என்ன ஆயிற்று? 1956இல் காமராசர் ஆட்சி அதைத் தமிழகம் முழுமைக்கும் எடுத்துச் சென்றது. 1982இல் எம்.ஜி.ஆர். ஆட்சி சத்துணவாக்கியது. 1989இல் கலைஞர் ஆட்சி முட்டை சேர்த்தது. 2022 செப்டம்பரில் காலை உணவும் வந்தது. கட்சிகள் மாறின, கொடிகள் மாறின, கொள்கைச் சண்டைகள் நடந்தன. ஆயினும், வந்தவர் எவரும் பிள்ளையின் தட்டில் கை வைக்கத் துணியவில்லை, சேர்க்கத்தான் செய்தார்கள். ஆயிரம் விளக்கில் ஓரணாவில் ஊன்றிய விதை அவ்வளவு ஆழமானது.

இப்போது தொடக்கத்தில் எழுந்த கேள்விக்கு வருவோம். செல்வரைத் தொழிலாளி ஏன் போற்ற வேண்டும்? செல்வத்துக்காக அல்ல, பட்டத்துக்காகவும் அல்ல. எண்களைக் கொண்டு உரிமை கேட்டாரே, அதற்காக. பகைத்தவரோடு கை கோத்தாரே, அதற்காக. வந்த நாற்காலியை மறுத்துவிட்டு, வராத பிள்ளைகளை எண்ணிப் பார்த்தாரே, அதற்காக. 1921இல் அவர் தவறிய இடத்தையும் சேர்த்தே நினைவில் வைப்போம். அவர் தவறிய இடத்தில் நாம் தவறாமல் இருப்பதும் அவருக்குச் செய்யும் மரியாதையே.

அடுத்த முறை மாம்பலத்தில் இறங்கும் தோழர், பிள்ளைக்குச் சட்டை வாங்கித் திரும்பும் வழியில், அந்த ஊரின் பெயரை ஒருமுறை முழுதாகச் சொல்லிக் கொடுக்கட்டும். தியாகராய நகர்! யார் அந்தத் தியாகராயர் என்று பிள்ளை கேட்கும். பள்ளியில் நீ உண்ட சோற்றை முதலில் நினைத்தவர் என்று சொன்னால் போதும். பிள்ளைக்குப் புரிந்துவிடும்.